வேடம் களையும் நேரம்

மரக்காணத்து உப்பளங்களில் பொழுது விடியும் முன்பே வேலை தொடங்கிவிடுகிறது. வெயில் ஏறிவிட்டால் வெள்ளைப் பாத்திகளின் ஒளி கண்ணைப் பறிக்கும். அதனால் ஆணும் பெண்ணும் இருட்டோடு இறங்கி உப்பு வாறுகிறார்கள். நீண்ட கழியின் முனையில் பலகை கட்டி, அதனால் இழுத்து வரப்போரம் குவிக்கிறார்கள். பிறகு தலைச்சுமையாக மேட்டுக்குக் கொண்டுபோய் அம்பாரமாகக் கொட்டுகிறார்கள். பருவம் தொடங்கும் முன் பாத்தியின் அடித்தரையைக் காலாலேயே மிதித்து மிதித்து இறுக்கியவர்களும் இவர்கள்தான். தூத்துக்குடி, வேதாரண்யம் ஆகியவற்றோடு சேர்த்துச் சொல்லப்படும் பழைய உப்புக் கரை இது. இங்குள்ள பூமீஸ்வரர் கோயிலின் சோழர் காலக் கல்வெட்டுகளிலும் உப்பளங்களைப் பற்றிய செய்தி இருக்கிறது.

இந்தத் தொழிலின் நுட்பமெல்லாம் நீரை எப்போது விடுவது என்பதில் இருக்கிறது. உவர்நீர் முதலில் அகன்ற தேக்கங்களில் கிடந்து வெயிலில் சுண்டும். சுண்ணமும் ஜிப்சமும் அங்கேயே அடியில் தங்கிவிடும். தெளிந்த நீரை அடுத்த பாத்திக்கும், அதிலிருந்து அடுத்ததற்கும் விடுவார்கள். உவர்நீரின் செறிவை அளக்கும் போமே மானியில் 25 டிகிரியை எட்டும்போது உப்பு பூக்கத் தொடங்கும். 30 டிகிரி வரை காத்திருந்தால் மக்னீசிய உப்புகளும் கூடவே இறங்கிக் கசப்பேறிவிடும். ஆகவே அதற்கு முன்பே எஞ்சிய நீரை வடித்து வெளியே விட்டுவிடுகிறார்கள். அந்த நீரிலும் இன்னும் கொஞ்சம் உப்பு இருக்கிறதே என்று ஆசைப்பட்டால் விளைந்ததும் சேர்ந்து கெடும்.

விட வேண்டியதை விட வேண்டிய நேரத்தில் விடுவதைத்தான் ஞான நூல்கள் துறவு என்று பேசுகின்றன. அதை இந்தக் கரையில் உழைப்பவர்கள் தினமும் தங்கள் கையால் செய்கிறார்கள். இந்த வரப்புகளில் நிற்கும்போதெல்லாம் ஒரு நாடக நடிகரின் வாழ்க்கை என் நினைவில் எழுகிறது. உப்பளத்துக் கணக்கராகப் பிழைப்பைத் தொடங்கியவர் அவர். இதே கடலோரத்தில், இங்கிருந்து தெற்கே ஏறக்குறைய 35 கிலோமீட்டரில், புதுச்சேரியில் உடலை விட்டார். தமிழ் நாடக உலகம் தன் தலைமையாசிரியர் என்று வணங்கும் தவத்திரு சங்கரதாஸ் சுவாமிகள் அவர். நடிப்பு ஒரு தவமாக முடியுமா என்று கேட்பவருக்கு அவருடைய வாழ்வையே நான் விடையாகக் காட்டுவேன்.

சுவாமிகள் 1867 செப்டம்பர் 7 அன்று தூத்துக்குடிக்கு அருகே உள்ள காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்தார். அப்போது அவர் பெயர் சங்கரன். தந்தை தாமோதரன் இராமாயணத்தில் தோய்ந்தவர். மகனுக்கு முதல் ஆசிரியரும் அவரே. பிறகு பழனி தண்டபாணி சுவாமிகளை அடுத்து இலக்கணமும் இலக்கியமும் கற்றார். செய்யுள் இயற்றும் ஆற்றல் இளமையிலேயே கைகூடியது. இவ்வளவு படித்த பிள்ளைக்கு அந்தக் கரை கொடுத்த வேலை, உப்பளத்தில் கணக்கு எழுதுவது.

வெள்ளையர் ஆட்சியில் உப்பு அரசின் பிடிக்குள் இருந்தது. அதன்மேல் வரி இருந்தது. விளைந்ததும் எடைபோட்டதும் வெளியே போனதும் ஏட்டில் பிசகாமல் ஏற வேண்டும். கணக்கர் வேலையில் மனிதன் தன்னை எங்கும் காட்டிக்கொள்ள இடமில்லை. எண்கள் சரியாக இருந்தால் போதும். நாடகக்காரன் என்றால் குடியிருக்க வீடு தரவும் பெண் கொடுக்கவும் ஊர் தயங்கிய காலம் அது. அப்படியிருந்தும் தம் 24-ஆவது வயதில் அவர் அந்த ஏட்டை மூடி வைத்துவிட்டு நாடகத்துக்குப் போனார். முதல் வேடத்தை அன்று களைந்தார் என்றே நான் எண்ணுகிறேன். உலகம் நமக்குத் தந்திருக்கும் பாதுகாப்பான வேடத்தைக் களைவதுதான் எல்லாவற்றிலும் கடினம். அதைக் களையச் சொல்லி யாரும் நம்மைக் கேட்பதில்லை.

ராமுடு ஐயர், கல்யாணராமையர் ஆகியோரின் நாடகக் குழுவில் சேர்ந்தார். நடிகராகவும் இருந்தார், மற்றவர்களுக்கு ஆசிரியராகவும் இருந்தார். இரணியன், இராவணன், எமன், சனீஸ்வரன் ஆகிய பாத்திரங்களில் அவர் பெயர் பரவியது. எல்லாமே அச்சம் தரும் வேடங்கள். ஒலிபெருக்கி இல்லாத நாளில், விளக்கொளியில், கொட்டகையின் கடைசி ஆள் வரைக்கும் குரலால் எட்ட வேண்டும். அரிதாரம் பூசிய முகத்தோடு இரவெல்லாம் நின்று, தன்னை மறந்து இன்னொருவராக வேண்டும். பார்த்தவர்கள் உண்மையாகவே நடுங்கினார்கள் என்கிறார்கள். நடுங்கவைப்பதைத் தம் தொழில் வெற்றி என்று அவர் கொண்டாடியிருந்தாலும் குறை சொல்ல யாரும் இருந்திருக்க மாட்டார்கள்.

இந்த இடத்தில், வேடம் என்பதை நம் மண் எப்படிப் பார்க்கிறது என்று சற்று நின்று எண்ணிப் பார்க்கலாம்.

மரக்காணமும் செஞ்சியும் திண்டிவனமும் அடங்கிய இந்த நிலப்பகுதி, தெருக்கூத்தின் நிலம். செஞ்சியைச் சுற்றித் திரௌபதி அம்மன் வழிபாடு வேர்விட்ட ஊர்கள் நிறைய. பகலில் பாரதம் படிப்பார்கள், இரவில் அதையே கூத்தாக ஆடுவார்கள், முடிவில் தீ மிதிப்பார்கள். அருச்சுனன் தபசு நடக்கும் நாளில், வேடம் கட்டியவர் உயரமான மரத்தின்மேல் படிப்படியாக ஏறிப் பாடுகிறார். அவர் மேலிருந்து எறியும் எலுமிச்சம்பழத்துக்காகப் பிள்ளை வரம் வேண்டும் பெண்கள் கீழே மடியேந்திக் காத்திருக்கிறார்கள். காலையில் அவர் யாருடைய வயலிலோ களை எடுத்துக்கொண்டிருந்தவராக இருக்கலாம். அது அந்தப் பெண்களுக்குத் தெரியும். தெரிந்தும் மடியேந்துகிறார்கள். வேடத்தின் வழியே ஒன்று இறங்கி வருகிறது என்பதில் அவர்களுக்கு ஐயமில்லை.

இன்னும் பின்னால் போனால், திருக்கோவலூரில் அரசாண்ட மெய்ப்பொருள் நாயனார் நிற்கிறார். போரில் வெல்ல முடியாத முத்தநாதன், திருநீறு பூசி, சடை முடித்து, சுவடிக் கட்டுக்குள் கத்தியை ஒளித்துக்கொண்டு அடியாராக வருகிறான். ஆகமம் உபதேசிக்கிறேன் என்று தனியிடம் கேட்கிறான். வணங்கிய நாயனாரைக் குத்துகிறான். பாய்ந்து வந்த காவலன் தத்தனை நாயனார் தடுக்கிறார். இவர் நம்மவர், ஊர் எல்லை வரை பத்திரமாகக் கொண்டுபோய் விடு என்கிறார். வந்தவன் பொய்யன் என்று சாகும் தறுவாயில் அவருக்குத் தெரியாமலா இருந்திருக்கும்? அவன் அணிந்த கோலம் பொய்யில்லை என்று அவர் கண்டார். பொய்யான மனிதன்மேல் கிடந்தாலும் மெய்யான கோலத்துக்கு மரியாதை உண்டு என்பது அவர் நெறி.

மணிவாசகரோ மறுபக்கத்திலிருந்து பேசுகிறார். அடியவர்களின் கூட்டத்தில் தாமும் அடியவராக நடித்துக்கொண்டிருப்பதாகத் தம்மையே நொந்துகொள்கிறார். உள்ளே கனியாமல் வெளியே கோலம் மட்டும் கொண்டு நிற்கிறேனே என்ற கண்ணீர் அது. இந்த இருவரையும் சேர்த்து வைத்துப் பார்த்தால் ஒரு நெறி தெளிவாகிறது. பிறர் அணிந்த வேடத்தை வணங்கு. நீ அணிந்த வேடத்தைச் சோதித்துப் பார். சங்கரதாஸ் சுவாமிகளின் வாழ்க்கை திரும்பிய இடமும் இந்தச் சோதனைதான்.

நாடக உலகில் தலைமுறை தலைமுறையாகச் சொல்லப்படும் நிகழ்ச்சி அது. நளதமயந்தி நாடகம். நளனைப் பிடித்து ஆட்டிவைக்கும் சனீஸ்வரனாக அவர் நடித்தார். விடிய விடிய ஆடி முடித்து, வேடத்தைக் கலைக்க அதே கோலத்தோடு நீர்நிலைக்குப் போனார். இருள் பிரியாத நேரம். துணி வெளுக்க வந்த பெண்ணொருத்தி, நிறைமாதக் கர்ப்பிணி, எதிரே அந்தக் கரிய உருவத்தைக் கண்டாள். சனீஸ்வரனே வந்து நிற்பதாக எண்ணி அலறி விழுந்தாள். அவள் உயிர் அங்கேயே பிரிந்தது என்பார்கள். எமன் வேடத்தைப் பார்த்துச் சபையில் ஒரு கர்ப்பிணிக்குக் கரு கலைந்ததாகவும் சொல்வார்கள். இந்தக் கதைகள் பல வடிவங்களில் வழங்குகின்றன. எந்த வடிவத்திலும் முடிவு மட்டும் மாறுவதில்லை: அதன்பின் சுவாமிகள் வேடம் கட்டுவதை விட்டுவிட்டார்.

அவரைச் சட்டம் கேட்கவில்லை. ஊரும் குற்றம் சொல்லியிருக்காது. அவள் இருட்டில் வந்தாள், பயந்தாள், அது அவள் விதி என்று சொல்லி ஆறுதல் அடைந்திருக்கலாம். நடிப்பின் உச்சம் அதுவே என்று சீடர்கள் புகழ்ந்திருக்கவும் கூடும். ஆனால் அவர் தம்மிடம் கேட்டுக்கொண்ட கேள்வி வேறாக இருந்திருக்க வேண்டும். என் கலை ஓர் உயிருக்கு என்ன செய்தது என்பதே அந்தக் கேள்வி. மேடையில் வேடம் எத்தனை பேரைக் கட்டிப்போட்டது என்ற கணக்கு அதற்குமுன் சிறுத்துப்போனது. கலைஞனின் உள்ளம் கருணையின் பக்கம் முழுவதுமாகச் சாய்ந்த அந்தக் கணத்தில்தான் சங்கரதாஸ், சுவாமிகள் ஆனார் என்று நான் நம்புகிறேன். காவி உடுத்ததும் தலங்கள்தோறும் நடந்ததும் பிறகு வந்தவை.

பெரும்புகழ் பெற்றவர் அதன் நடுவே நின்று அதைக் கைவிடுவது எளிதில்லை. புகழ் என்பது இன்னும் கொஞ்சம் காத்திருந்தால் இன்னும் கொஞ்சம் கிடைக்கும் என்று சொல்லிக்கொண்டே இருக்கும். கசப்பு இறங்கும் அளவை அறிந்து அதற்கு முன்பே வடித்துவிடுகிற உப்பளத்துத் தெளிவு அவருக்கு வாய்த்திருந்தது. தூத்துக்குடிப் பாத்திகளின் ஓரம் கணக்கு எழுதிய காலத்தில் கண்ணால் கண்டு கற்ற பாடமாகவும் இருக்கலாம்.

அவர் தலயாத்திரை போனார். முருகனையும் சிவனையும் பாடினார். புதுக்கோட்டையில் கஞ்சிராவுக்குப் பேர்பெற்ற மான்பூண்டியா பிள்ளையிடம் தாளத்தின் ஆழத்தைக் கற்றார். பிள்ளையவர்கள் அவரை மகனாகவே ஏற்றார். சுவாமிகள் திருமணம் செய்துகொள்ளவில்லை. இப்படியே போய் ஏதேனும் ஒரு மடத்தில் அமர்ந்திருந்தால் தமிழுக்கு ஒரு நல்ல துறவி கிடைத்திருப்பார். அவர் திரும்பி வந்தார். தாம் விட்ட மேடைக்கே வந்தார், ஆனால் திரைக்குப் பின்னால் வந்து நின்றார். இனி வேடம் கட்டுவது மற்றவர்கள். அவர்களுக்குச் சொல்லும் பாட்டும் தருவது அவர் வேலை.

வள்ளி திருமணம், கோவலன் சரித்திரம், சத்தியவான் சாவித்திரி, பவளக்கொடி, நல்லதங்காள், பிரகலாதன், சிறுத்தொண்டர், லவகுசா என்று அவர் எழுதியவை பல. அவை படித்தவர் வீட்டு அலமாரிகளில் தங்கிவிடவில்லை. மதுரை, புதுக்கோட்டைச் சீமைகளில் இன்றும் கோயில் திருவிழா இரவுகளில் ஸ்பெஷல் நாடகமாக அவை விடிய விடிய நடக்கின்றன. எழுதப் படிக்கத் தெரியாத கிழவியும் வள்ளிக்கும் நாரதருக்கும் நடக்கும் தர்க்கத்தைக் கேட்டு, எது அன்பு, எது சூழ்ச்சி என்று தனக்குள் நியாயம் பேசிக்கொள்கிறாள். புராணத்தை மேடைக்குக் கொண்டுவந்தவர்கள் பலர். அதை மக்களின் நாவில் தங்கும் தமிழாக்கி, இசையோடு கலந்து, ஒவ்வொரு நடிகனும் தன் மனோதர்மத்துக்கு விரித்துக்கொள்ள இடமும் விட்டுவைத்தவர் அவர்.

1910-இல் சமரச சன்மார்க்க நாடக சபையைத் தொடங்கினார். வள்ளலார் நெறியின் மணம் வீசும் பெயர் அது. பின்னாளில் தமிழ்நாட்டையே தம் குரலால் உருக்கிய எஸ்.ஜி. கிட்டப்பா சிறுவனாகப் பயின்றது அங்கேதான். பெரிய நடிகர்களின் கட்டுப்பாடின்மை அவரை நோகச் செய்தது என்பார்கள். அதனால் சிறுவர்களை வைத்தே நாடகம் நடத்தும் பாலர் சபைகளின் பக்கம் அவர் மனம் திரும்பியது. மக்கள் அவற்றை பாய்ஸ் கம்பெனி என்றார்கள். 1918-இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபை பிறந்தது. பிள்ளைகளுக்காக அபிமன்யு சுந்தரி நாடகத்தைப் பாட்டும் வசனமுமாக ஒரே இரவில் எழுதி முடித்தார் என்று அவருடைய மாணவர்கள் வியந்து சொல்லி வந்திருக்கிறார்கள். இரவெல்லாம் வேடத்தோடு நின்று பழகிய உடல், அன்று இரவெல்லாம் பிறர் வேடங்களுக்காக விழித்திருந்தது.

இன்னும் ஒன்றை அவர் விட வேண்டியிருந்தது. இதை அவராக விடவில்லை. காலம் வந்து வாங்கிக்கொண்டது. கடைசி நாட்களில் வாத நோய் தாக்கியது. கையும் காலும் தளர்ந்தன. பேச்சு போயிற்று. கொட்டகையை நிறைத்த குரல், ஆயிரக்கணக்கான பாடல்களைச் சொல்லிச் சொல்லி எழுதவைத்த குரல், அடங்கியது. குழு ஊர் ஊராகப் போனபோது அவரையும் உடன் அழைத்துப் போனார்கள். தாம் எழுதியதைப் பிள்ளைகள் பேசவும் பாடவும், அவர் பேச்சின்றி இருந்தார். நடிகருக்கு இதைவிடக் கொடுமை உண்டா என்று முதலில் மனம் பதறுகிறது. நிதானமாக நினைத்தால் வேறொன்றும் தெரிகிறது. அவருடைய சொல் அவருக்குள் இல்லாமற்போன அந்த நாட்களிலும் அது உயிரோடு, இளமையோடு, பல குரல்களில் கேட்டுக்கொண்டிருந்தது. தான் இல்லாத இடத்திலும் தன் பணி நடப்பதைக் கண்ணால் பார்த்துவிட்டுப் போகும் பேறு எத்தனை பேருக்குக் கிடைக்கிறது?

குழு புதுச்சேரியில் இருந்தபோது, 1922 நவம்பர் 13 அன்று அவர் மறைந்தார். கருவடிக்குப்பத்தில் அவருடைய சமாதி இருக்கிறது. ஆண்டுதோறும் அவர் நினைவு நாளில் நாடகக் கலைஞர்கள் அங்கே கூடி வணங்குகிறார்கள். மரக்காணத்திலிருந்து புதுச்சேரிக்குக் கிழக்குக் கடற்கரைச் சாலையில் போகிறவர்கள் காலாப்பட்டில் புதுவைப் பல்கலைக்கழகத்தைக் கடந்து போவார்கள். அங்குள்ள நிகழ்கலைப் பள்ளிக்கு அவருடைய பெயரையே வைத்திருக்கிறார்கள்.

அவர் மறைந்த நவம்பர், இந்தக் கரையில் வடகிழக்குப் பருவமழையின் மாதம். உப்பளங்களில் வேலை நின்றிருக்கும். அம்பாரங்களைக் கீற்றாலும் தார்ப்பாயாலும் மூடிவைத்திருப்பார்கள். பாத்திகள் மழைநீரில் மூழ்கி, எது வரப்பு எது பாத்தி என்று தெரியாமல் கிடக்கும். பல மாதம் பாடுபட்டு இறுக்கிய தரை மீண்டும் சேறாகும். உழைத்தவர்களுக்கு அது வருமானம் இல்லாத காலம், கஷ்ட காலம். ஆனாலும் மழை ஓய்ந்து தை பிறந்ததும் அதே கால்கள் அதே சேற்றில் இறங்கி முதலிலிருந்து மிதிக்கத் தொடங்கும். கலைந்துபோகும் என்று தெரிந்தும் முழு மனதோடு மறுபடி கட்டுவதை நான் பெரிய வழிபாடாகவே மதிக்கிறேன். ஒவ்வோர் இரவும் கட்டிய வேடத்தை விடியலில் கழுவிவிட்டு, மறு இரவு புதிதாகக் கட்டும் நடிகனும் அதே வழிபாட்டைத்தான் செய்கிறான்.

சுவாமிகளிடம் பயின்ற பிள்ளைகளில் ஒருவர் தி.க. சண்முகம். 1912-இல் பிறந்தவர். பெண் வேடத்துக்குப் பேர்பெற்ற கண்ணுசாமிப் பிள்ளையின் மகன். 1918-இல், ஆறு வயதில், அண்ணன்மாரோடு சுவாமிகளின் சபையில் சேர்ந்தார். ஆசிரியர் மறைந்தபோது அவருக்குப் பத்து வயது. சில ஆண்டுகளில், 1925-இல், அந்தச் சகோதரர்கள் சொந்தமாக ஒரு சபையைத் தொடங்கினார்கள். டி.கே.எஸ். சகோதரர்கள் என்ற பெயர் பல பத்தாண்டுகள் தமிழ் மேடையில் நிலைத்தது.

1942-இல் சண்முகம் ஔவையாராக மேடை ஏறினார். அப்போது அவருக்கு முப்பது வயது. உடல் முழு வலிமையோடு இருக்கும் வயதில், கூன் விழுந்த முதியவளாக இரவுதோறும் தம்மை மாற்றிக்கொண்டார். ஔவையின் கதையே இளமையைத் துறந்த கதை அல்லவா? அழகும் வயதும் தம்மைத் தடுக்கும் என்று கண்டு, பிள்ளையாரிடம் முதுமையை வரமாகக் கேட்டுப் பெற்றவர் அவர். அந்த வேடம் சண்முகத்தை விட்டுப் போகவே இல்லை. நாடு அவரை ஔவை சண்முகம் என்றே அழைத்தது. ஆணுக்குப் பாட்டியின் பெயர் பட்டமானது. அவர் அதைப் பெருமையோடு சுமந்தார். சில வேடங்கள் களைந்த பிறகும் தங்கிவிடுகின்றன. அப்படித் தங்குவது மிரட்டிய வேடமாக இல்லாமல் அறம் சொன்ன வேடமாக அமைந்தது அவர் செய்த புண்ணியம். ஆசிரியருக்கு நேர்ந்ததையும் மாணவருக்கு நேர்ந்ததையும் அடுத்தடுத்து வைத்துப் பார்க்கும்போது, ஓர் ஆசிரியரின் துயரம் அடுத்த தலைமுறையில் அருளாகத் திரும்பியதுபோல எனக்குத் தோன்றும்.

சண்முகம் திரைப்படத்துக்கும் போனார். 1935-இல் வெளிவந்த மேனகா, சகோதரர்கள் மேடையில் நடத்திய நாடகத்திலிருந்து எடுத்த படம். 1961-இல் வந்த கப்பலோட்டிய தமிழனில் அவர் சுப்பிரமணிய சிவாவாக நடித்தார். சுவாமிகள் கணக்கு எழுதிய அதே தூத்துக்குடியின் கதை அது. ஆசிரியர் மேடையில் நின்ற இரவுகளில் ஒன்றுகூடப் படச்சுருளில் இல்லை. மாணவரின் முகத்தை இன்றும் திரையில் பார்க்கலாம்.

திரை வந்தபோது நடிகனின் தவத்துக்குப் புதிய சோதனை வந்தது என்று நினைக்கிறேன். மேடை ஒவ்வோர் இரவும் கலைந்து, உனக்கென்று ஒன்றுமில்லை என்று சொல்லித் தருகிறது. திரையோ நீ நிலைத்துவிட்டாய் என்று சொல்கிறது. ஒரு முகம் பதிந்துவிட்டால் அதைவிட்டு இறங்குவது கடினம். உலகெங்கும் புகழின் உச்சியில் தங்கள் பிம்பத்தையே பிடித்துக்கொண்டு, உள்ளே வெறுமையாகிப்போன நடிகர்களை நாம் கேள்விப்பட்டிருக்கிறோம். சண்முகம் திரையைத் தொட்டும் மேடைக்கே திரும்பித் திரும்பி வந்தார். குருவைத் தமக்கு முன்னால் நிறுத்தியே வாழ்ந்தார். 1971-இல் பத்மஸ்ரீ வந்தது. எனது நாடக வாழ்க்கை என்ற அவருடைய நூல், தன் கதை சொல்லும் இடத்திலெல்லாம் ஆசிரியரின் கதையையும் சொல்கிறது. சுவாமிகளைப் பற்றி இன்று நாம் அறிந்தவற்றில் பெரும்பங்கு அவர் காத்துக் கொடுத்தது. 1973-இல் அவர் மறைந்தார்.

இந்தக் கடற்கரைக்கு நடிகர்களும் பாடகர்களும் புதியவர்கள் இல்லை. சங்க காலத்து எயிற்பட்டினம் மரக்காணமே என்று அறிஞர் பலர் கருதுகிறார்கள். சிறுபாணாற்றுப்படையில் நல்லூர் நத்தத்தனார், வறுமையில் வாடும் பாணனை ஓய்மாநாட்டு நல்லியக்கோடனிடம் போகச் சொல்லும்போது இந்த வழியாகத்தான் அனுப்புகிறார். போகும் வழியில் கடலோர மக்கள் சுட்ட மீன் தந்து உபசரிப்பார்கள் என்று நம்பிக்கை சொல்கிறார். பாணனிடம் யாழ் இருந்தது, பசி இருந்தது. அவனுக்குச் சோறு போட்டவர்கள் தங்கள் கையில் இருந்ததைக் கொடுத்தார்கள். அந்தப் பாணனின் வழிவந்தவர்கள்தான் மாட்டு வண்டியிலும் ரயிலிலும் சீன், படுதா, பெட்டிகளோடு ஊர் ஊராகப் போன நாடகக் குழுக்கள். ஒரு நாட்டின் ஆன்மாவை இடம்விட்டு இடம் எடுத்துச் சென்றவர்கள் அவர்கள். அவர்களில் பலருடைய பெயர்கூட நமக்குத் தெரியாது. உப்பு வாறியவர்களின் பெயரும் தெரியாது. ஆனால் இருவராலும் நம் வாழ்வுக்குச் சுவை சேர்ந்தது.

இந்த வாழ்க்கைகளை எண்ணும்போது நம்மைப் பற்றியும் எண்ணாமல் இருக்க முடிவதில்லை. நாம் எல்லோரும் வேடம் கட்டியவர்கள்தான். அதிகாரி, ஆசிரியர், தகப்பன், மாமியார், மூத்தவன் என்று ஒவ்வொரு நாளும் எத்தனை கோலங்கள். இவற்றில் எதுவும் இழிவானதில்லை. மெய்ப்பொருள் நாயனார் காட்டியபடி கோலத்துக்கு மரியாதை உண்டு. ஏற்ற வேடத்தை அரைகுறையாக நடத்துவதும் பிழையே. தகப்பன் தகப்பனாக நிற்க வேண்டும்; ஆசிரியர் ஆசிரியராக நிற்க வேண்டும். சனீஸ்வரனாக நிற்க வேண்டிய இடத்தில் சுவாமிகள் சனீஸ்வரனாகவே நின்றார்.

துன்பம் எங்கே வருகிறது என்றால், மேடை முடிந்த பிறகும் நாம் அந்தக் கோலத்தோடு வெளியே நடக்கும்போது வருகிறது. அலுவலகத்தில் தேவைப்பட்ட கடுமையை வீட்டு வாசலுக்குள் கொண்டுவருகிறோம். என்றோ வாங்கிய பட்டத்தை இன்றைய பேச்சில் அணிந்துகொள்கிறோம். பிள்ளைகள் வளர்ந்த பிறகும் அவர்களைக் கைக்குழந்தையாக நினைத்து அதட்டுகிறோம். இருட்டில் எதிரே வருபவர் யார், எந்த நிலையில் வருகிறார் என்று நமக்குத் தெரிவதில்லை. நம் முகத்தில் இன்னும் கலையாமல் இருக்கும் அரிதாரத்தைக் கண்டு ஒரு மனம் நொறுங்கிப்போகலாம். அந்த நொறுங்கலின் ஓசை நம் காதில் விழாமலே போய்விடலாம். சுவாமிகளின் காதில் விழுந்தது. விழுந்ததும் வாழ்க்கையையே திருப்பிக்கொண்டார்.

அவரைப்போல எல்லோரும் தொழிலை விட்டுவிட வேண்டும் என்பதில்லை. அவரும் நாடகத்தை விட்டுவிடவில்லை. நாடகத்துக்குள் தாம் நிற்கும் இடத்தை மாற்றிக்கொண்டார். தான் ஒளிவிடும் இடத்திலிருந்து, பிறர் ஒளிவிட உதவும் இடத்துக்கு நகர்ந்தார். நம் வாழ்விலும் அப்படி ஒரு நகர்தல் வர வேண்டிய வயது உண்டு. பேசிக்கொண்டே இருந்தவர் பேசக் கற்றுக்கொடுப்பவராக, சமைத்துக்கொண்டே இருந்தவர் பக்கத்தில் நின்று பக்குவம் சொல்பவராக, நடத்திக்கொண்டே இருந்தவர் பிறர் நடத்துவதைப் பார்த்து மகிழ்பவராக மாறும் வயது. அதை இழப்பு என்று எண்ணினால் முதுமை கசக்கும். சுவாமிகளின் பெரும்பணி முழுவதும் அவர் வேடத்தைக் களைந்த பிறகே நடந்தது என்பதை நினைவில் வைத்தால் அந்த வயதை வரவேற்கவும் முடியும்.

இரவில் படுக்குமுன் சிறிது நேரம் இதற்கென்று ஒதுக்கிக்கொள்வது நல்லது. இன்று என்னென்ன கோலம் ஏற்றேன், எதை மனதாரச் செய்தேன், என் கோலத்தைக் கண்டு இன்று யாராவது நடுங்கினார்களா என்று கேட்டுக்கொள்ளலாம். நடுங்கியிருந்தால் காலையில் முதல் வேலையாக அவரிடம் போய் நல்ல வார்த்தை சொல்லலாம். பிறகு எல்லாவற்றையும் இறக்கி வைத்துவிட்டு, எந்தப் பெயரும் பட்டமும் இல்லாத ஓர் உயிராக இறைவன் முன் இருக்கலாம். நம்மை ஆட்டுவிக்கும் கூத்தன் அவன். வேடம் தந்தவனும் அவன்; அதைக் களைந்து நிற்கும்போது நம்மை அடையாளம் கண்டுகொள்பவனும் அவன்தான்.